கேளுங்க, சொல்றேன்: மண்ணுல பதிஞ்ச உடம்பு

போன இதழ்ல ஒரு வாசகி, "ஓவியம், சிற்பம்னு ஒரு பெட்டிக்குள்ள அடங்காம தன்னோட உடம்பையும் ஞாபகத்தையும் வச்சே வேலை செஞ்ச கலைஞர் ஒருத்தரை சொல்லுங்கக்கா"ன்னு கேட்டிருந்தாங்க, நானும் இடம் இல்லைன்னு "ஆனா மெண்டியெட்டா, கியூபாவுல பொறந்து அமெரிக்காவுல வளர்ந்தவங்க, தேடிப் பாருங்க"ன்னு ரெண்டு வரியில முடிச்சுட்டேன். தேடிப் பார்த்தவங்க எல்லாம் சும்மா இருப்பீங்களா, கேள்வியா எழுதித் தள்ளிட்டீங்க. அதனால இந்த தடவை மத்த கேள்வி எல்லாம் ஓரமா வச்சாச்சு, முழுக்க இவங்கதான். ஒரு சின்ன தொல்லை, 'ஆனா'ன்னு பேரை எழுதினா நம்ம வாக்கியம் பாதியில முறுக்கிக்குது, "ஆனா வந்தாங்க"ன்னு எழுதிட்டு நானே ரெண்டு தடவை படிச்சேன். மெண்டியெட்டான்னே சொல்லிடறேன்.

கேள்வி (விழுப்புரம் வாசகர்): 12 வயசுல நாட்டை விட்டு அனுப்பிட்டாங்கன்னு படிச்சேன். அந்த வயசுல அப்படி என்ன தப்பு பண்ணியிருக்கும் அந்தக் குழந்தை?

தப்பெல்லாம் ஒண்ணும் இல்லைங்க, பெத்தவங்களே பிளேன் ஏத்தி விட்டாங்க. 1948 நவம்பர்ல ஹவானாவுல பொறந்தவங்க, வசதியான பேர் பெற்ற குடும்பம், சொந்தத்துல கார்லோஸ் மெண்டியெட்டான்னு ஒருத்தர் 1930-கள்ல கியூபாவுக்கு ஜனாதிபதியாவே இருந்திருக்கார். அப்புறம் காஸ்ட்ரோ புரட்சி. ஆரம்பத்துல அப்பா புரட்சிக்கு ஆதரவுதான், பிறகு மனசு மாறி எதிர்ப்பக்கம் போயிட்டார். அந்த நேரத்துல ஊர் முழுக்க ஒரு வதந்தி, பிள்ளைங்க மேல பெத்தவங்களுக்கு இருக்கிற உரிமையை அரசாங்கம் எடுத்துக்கப் போகுதுன்னு. பயந்துபோன மத்தியதர குடும்பங்கள் கத்தோலிக்க சர்ச் வழியா பிள்ளைங்களை மட்டும் தனியா அமெரிக்காவுக்கு அனுப்ப ஆரம்பிச்சாங்க. 'ஆபரேஷன் பீட்டர் பேன்'னு அதுக்குப் பேரு. 1960 கடைசியில ஆரம்பிச்சு 1962 வரைக்கும் 14,000-க்கு மேல பிள்ளைங்க. கொஞ்ச நாள்ல நாங்களும் வந்துடுவோம்னு சொல்லித்தான் எல்லாரும் ஏத்தி விட்டிருக்காங்க.

மெண்டியெட்டாவும் அவங்க அக்காவும் 1961-ல போனாங்க. போய் சேர்ந்த இடம் அயோவா, அமெரிக்காவோட நடுப்பகுதியில இருக்கிற ஒரு மாநிலம். மக்காச்சோளக் காடு, பனி, சுத்தி எல்லாரும் வெள்ளைக்காரங்க. கியூபா கடற்கரையில ஓடி ஆடின பொண்ணு. அனாதை இல்லம், விடுதி, யார் யாரோ வீடுன்னு மாறி மாறி இருந்திருக்காங்க. ஸ்கூல்ல 'உன் ஊருக்கே போ'ன்னு பேச்சு வேற. அம்மாவும் தம்பியும் வந்து சேர்ந்தது 1966-ல. அப்பா? கியூபா ஜெயில்ல. அவர் வந்து சேர 1979 ஆயிடுச்சு. கணக்குப் போட்டுப் பாருங்க, 12 வயசுல ஏர்போர்ட்ல பிரிஞ்ச அப்பாவை 30 வயசுலதான் திரும்பப் பார்க்கிறாங்க.

கேள்வி (கோயம்புத்தூர், ஃபைன் ஆர்ட்ஸ் மாணவி): இவங்க ஓவியரா, சிற்பியா, போட்டோகிராபரா, பெர்ஃபார்மன்ஸ் ஆர்ட்டிஸ்ட்டா? எங்க சார் கேட்டா என்னன்னு சொல்றது?

உங்க சார்கிட்ட 'எல்லாம்தான்'னு சொல்லுங்க, மார்க் கொறைச்சா நான் பொறுப்பில்லை.

ஆரம்பம் ஓவியம்தான், அயோவா பல்கலைக்கழகத்துல 1972-ல ஓவியத்துல எம்.ஏ. முடிச்சாங்க. அதே வருஷமே அதை விட்டுட்டாங்க. என் ஓவியம் நான் சொல்ல நினைக்கிறதுக்குப் போதுமான அளவு நிஜமா இல்லை, என் படத்துக்கு ஒரு சக்தி வேணும், மந்திரம் மாதிரி இருக்கணும், இதுதான் அவங்க பின்னாடி சொன்ன காரணம். அங்கேயே ஹான்ஸ் ப்ரெடர்ங்கிற ஜெர்மன்காரர் 'இன்டர்மீடியா'ன்னு ஒரு பாடப்பிரிவு நடத்திக்கிட்டு இருந்தார், நடிப்பு, படம், இசை, சிற்பம் எல்லாத்தையும் சுவர் இல்லாம கலக்கிற வகுப்பு. மெண்டியெட்டா அதுல போய் விழுந்தாங்க.

முதல்ல செஞ்சதுல ஒண்ணு எனக்கு ரொம்பப் பிடிக்கும். கூட இருந்த கவிஞர் நண்பர் ஒருத்தரை தாடியை வெட்டச் சொல்லி, வெட்ட வெட்ட அந்த முடியை எடுத்து தன் முகத்துல ஒட்டிக்கிட்டே வர்றாங்க, அதை வரிசையா போட்டோ எடுத்திருக்காங்க. கடைசி போட்டோவுல தாடி வச்ச மெண்டியெட்டா நம்மளை நேரா பார்க்கிறாங்க. சிரிக்கல. நாடக மேக்கப் மாதிரி இல்லாம, அது அவங்க முகமாவே ஆயிடுச்சு. அதே 1972-ல இன்னொன்னு, ஒரு கண்ணாடித் தகட்டுல மூக்கு, வாய், மார்பு, வயிறுன்னு அழுத்தி அழுத்தி உருவமே கோணலாகுற மாதிரி படங்கள். பஸ் கண்ணாடியில குழந்தைங்க மூக்கை ஒட்டி வச்சுக்கிட்டு வருமே, பார்க்க அதே மாதிரி, பத்து செகண்ட் கழிச்சு நமக்கே மூச்சு முட்டும்.

கேள்வி (மதுரை வாசகர்): தேடிப் பார்த்தா ஒரே ரத்தமா இருக்கு. இதெல்லாம் அதிர்ச்சி கொடுத்து பேர் வாங்குற வேலைதானே? மனசுல பட்டதைக் கேட்டுட்டேன்.

கேட்டது நல்லதுதான், எனக்கும் முதல்ல அப்படித்தான் தோணுச்சு. அது ஏன் வந்துச்சுன்னு தெரிஞ்சப்புறம் வாயை மூடிக்கிட்டேன்.

1973 மார்ச்ல அதே அயோவா பல்கலைக்கழக விடுதியில ஒரு நர்சிங் மாணவி கொலை செய்யப்பட்டாங்க. மெண்டியெட்டா அப்போ அங்கேயே படிச்சுக்கிட்டு இருக்காங்க. கொஞ்ச நாள் கழிச்சு கூடப் படிக்கிறவங்களை தன் வீட்டுக்கு வரச் சொல்லியிருக்காங்க. வந்தவங்க பார்த்தா கதவு லேசா திறந்திருக்கு, உள்ள விளக்கு மங்கல், மேஜை மேல குப்புறக் கட்டப்பட்ட நிலையில அவங்க, கால் எல்லாம் ரத்தம் (மாட்டு ரத்தம் மாதிரி பிராணி ரத்தம்தான் பயன்படுத்துவாங்க), கீழே உடைஞ்ச பாத்திரம். பேப்பர்ல அந்தக் கொலையைப் பத்தி வந்த விவரம் எப்படியோ அப்படியே. சுமார் ஒரு மணி நேரம் அசையாம இருந்தாங்களாம், வந்தவங்க உட்கார்ந்து அதைப் பத்திப் பேச ஆரம்பிச்சுட்டாங்களாம். பேப்பர்ல படிச்சு 'அய்யோ பாவம்'னு மடிச்சு வச்ச செய்தி நடு வீட்டுல வந்து கிடந்தா எப்படி இருக்கும்?

அதே வருஷம் இன்னொரு வேலை, எனக்கு இதுதான் இன்னும் பயங்கரம். மோஃபிட்னு ஒரு கட்டடம், அதோட வாசல்ல கதவுக்கு அடியில இருந்து ரத்தம் கசிஞ்சு நடைபாதைக்கு வர்ற மாதிரி ஊத்தி வச்சுட்டு, எதிர்ல கார்ல உட்கார்ந்து போறவர்றவங்களை படம் எடுத்தாங்க. ஒருத்தர் குடையால நிமிண்டிப் பார்த்துட்டுப் போறார், பல பேர் ஒரு பார்வை, அவ்வளவுதான், தாண்டிப் போயிட்டே இருக்காங்க. யாரும் கதவைத் தட்டல. கடைசியில ஒருத்தர் வந்து அதை அள்ளி சுத்தம் பண்றார், பண்ணி முடிச்சா சோலி முடிஞ்சது. இதுல அதிர்ச்சி கொடுத்தது மெண்டியெட்டான்னு எனக்குத் தோணல.

கேள்வி (கும்பகோணம் வாசகி): மண்ணுல பெண் உருவம் மாதிரி நிறைய போட்டோ பார்த்தேன் அக்கா. அது எப்படி செஞ்சாங்க? எனக்கு நம்ம கோலம் ஞாபகம்தான் வந்துச்சு, அதுவும் காத்துல, கால்ல அழிஞ்சுடும்ல.

அதுதான் அவங்களோட முக்கியமான வேலை, 'சிலுவெட்டா' வரிசை. ஸ்பானிஷ்ல நிழலுரு, வெளிக்கோட்டு உருவம்னு அர்த்தம். 1973-ல இருந்து 1980 வரைக்கும் அயோவாவுலயும் மெக்சிகோவுலயும் மாத்தி மாத்தி செஞ்சாங்க.

தொடக்கம் மெக்சிகோவுல ஒஹாக்கா பக்கம் யாகுல்னு ஒரு பழைய ஊரோட இடிபாடு, சபோடெக்ங்கிற மெக்சிகோ பூர்வகுடி மக்கள் வாழ்ந்தது. சந்தைக்குப் போய் வெள்ளைப் பூ வாங்கிட்டு வந்து, அங்க திறந்து கிடந்த ஒரு பழைய கல்லறைக்குள்ள துணியில்லாம படுத்து, மேல பூவை அடுக்கச் சொன்னாங்க. படத்துல பூவெல்லாம் அவங்க உடம்புல இருந்தே முளைச்சு வர்ற மாதிரி இருக்கும், முகம் தெரியாது. காலமும் வரலாறும் என்னை மூடியிருக்கிற மாதிரின்னு அதைப் பத்தி சொல்லியிருக்காங்க.

அதுக்கப்புறம்தான் விஷயமே. மெல்ல மெல்ல உடம்பை வெளியில எடுத்துட்டாங்க. படுத்து எழுந்த பள்ளம் மட்டும் இருக்கும், இல்லைன்னா தன் உயரத்துக்கு, ஏறக்குறைய 5 அடிதான், அட்டையில வெட்டின ஒரு உருவத்தை வச்சு சுத்தி கோடு இழுத்து, மண்ணைத் தோண்டி, சில இடத்துல கை ரெண்டும் மேல தூக்கின மாதிரி, சில இடத்துல உடம்போட ஒட்டி. உள்ள நிரப்புறது என்ன கிடைக்குதோ அது. சேறு, புல், பூ, பனிக்கட்டி, சிவப்புப் பொடி, மெழுகுவர்த்தி, வெடிமருந்து. வெடிமருந்தைத் தூவிப் பத்த வச்சா உருவம் புகைஞ்சு கரிஞ்சு கருப்பா ஒரு ஆள் அச்சு மிஞ்சும். 1976-ல ஒஹாக்காவுல திருவிழாவுக்கு வாணவேடிக்கை கட்டுற உள்ளூர்க்காரர் ஒருத்தரை வச்சு மூங்கில் சட்டத்துல தன் உருவத்தைக் கட்டி, ராத்திரியில பத்த வச்சு, அது எரிஞ்சு அணையிற வரைக்கும் சூப்பர் 8-ங்கிற சின்ன ஃபிலிம் கேமராவுல எடுத்தாங்க. அந்தக் காலத்து சூப்பர் 8 ரோல் ஒண்ணு மூணு நிமிஷத்துக்கு சொச்சம்தான் ஓடும், பெரும்பாலும் சத்தமும் கிடையாது. அதனால அவங்க படம் முக்கால்வாசி அவ்வளவுதான் நீளம், ஒரு உருவம் எரியவோ அலையில கரையவோ ஆகுற நேரம். மெக்சிகோ கடற்கரையில மணல்ல தோண்டி சிவப்புப் பொடி போட்ட ஒண்ணு இருக்கு, அலை வர வர அந்த ஆள் கொஞ்சம் கொஞ்சமா வடிவம் இழந்து கடைசியில ஒரு செந்நிறக் குழி, அப்புறம் அதுவும் இல்லை. நான் அந்த ஸ்லைடு வரிசையை எத்தனை தடவை பார்த்திருப்பேன்னு எனக்கே தெரியாது.

கோலம் விஷயத்துக்கு வர்றேன். அழியுறது ஒண்ணுதான், ஒத்துக்கிறேன். ஆனா (பார்த்தீங்களா வந்துடுச்சு) கோலத்துக்கு ஒரு வாசல் வேணும், நாளைக்கு விடிஞ்சா அதே வாசல்ல அதே கை திரும்பப் போடும். இந்தப் பொண்ணுக்கு அந்த வாசல்தான் இல்லை. ஒரு தடவை போட்ட இடத்துல இருந்து நகர்ந்து நகர்ந்து வேற ஆத்தங்கரை, வேற மரத்தடின்னு போய்க்கிட்டே இருந்தாங்க. ஒரு மரத்துல முதுகை ஒட்டி உடம்பெல்லாம் சேறு பூசி நின்ன போட்டோ ஒண்ணு இருக்கு, 1976, மரம் எது ஆள் எதுன்னு கண்ணைச் சுருக்கிப் பார்க்கணும். தாய்நாட்டுல இருந்து பிய்ச்சு எறியப்பட்ட மாதிரி, கருப்பையில இருந்து வெளியே தள்ளின மாதிரி இருந்துச்சு, அதனால மண்ணோட ஒட்டிக்கப் பார்க்கிறேன்கிறதுதான் இதைப் பத்தி அவங்க சொன்னதோட சாரம்.

கேள்வி (கனடா, ஸ்கார்பரோ வாசகி): அக்கா, அவ பிறகு கியூபாவுக்குத் திரும்பிப் போனவவோ? நானும் பதினொரு வயசில வெளிக்கிட்டு வந்த ஆள், அதான் கேக்கிறன்.

போனாங்கம்மா. 1980-ல, 19 வருஷம் கழிச்சு. சொந்தக்காரங்களைப் பார்த்தாங்க, அங்க இருந்த இளம் கலைஞர்களோட பழகினாங்க, அப்புறம் பல தடவை போய் வந்தாங்க. 1981-ல ஹவானாவுக்கு வெளியில ஹருக்கோன்னு ஒரு சுண்ணாம்புக்கல் குன்றுப் பகுதி, குகையும் கொடியுமா இருக்கும், அங்க பாறையில நேரடியா பெண் உருவங்களை செதுக்கினாங்க. இதுவரைக்கும் தன் உடம்போட அளவு, தன் அச்சு. இங்க மட்டும் அது மாறுது. தாய்னோ மக்கள், ஸ்பெயின்காரன் வந்து அழிக்கறதுக்கு முந்தி அந்தத் தீவுல இருந்தவங்க, அவங்க தெய்வங்களோட பேரை ஒவ்வொண்ணுக்கும் வச்சாங்க. குவானரோக்கா முதல் பெண், அத்தபெய் தண்ணிக்குத் தாய், குவாபன்செக்ஸ் காத்துக்கு. 'நான்' போய் 'அவங்க' வந்துட்டாங்க பாருங்க.

அதை யாருக்கும் டிக்கெட் போட்டுக் காட்டல, மழைக்கும் வேருக்கும் விட்டுட்டு போட்டோ எடுத்துக்கிட்டு வந்தாங்க. பல வருஷம் கழிச்சு தேடிப் போனவங்களுக்குக் கிடைச்சது சிதைஞ்ச மிச்சம்தான். ஊருக்குப் போனதும் மனசு ஆறிடுச்சான்னு கேட்டீங்கன்னா, சிலுவெட்டா வரிசை அதோட முடிஞ்சதுங்கிறதை மட்டும் என்னால சொல்ல முடியும், மீதி உங்களுக்குத்தான் என்னைவிட நல்லா தெரியும்.

கேள்வி (திருநெல்வேலி வாசகர்): இந்தியாவோட ஏதாவது சம்பந்தம் உண்டா?

உண்டு, இதை யாராவது கேக்க மாட்டாங்களான்னு காத்துக்கிட்டு இருந்தேன். 1978-ல நியூயார்க் போனவங்க ஏ.ஐ.ஆர். கேலரியில சேர்ந்தாங்க, பெண்களே சேர்ந்து நடத்தின கேலரி. உள்ள போய்ப் பார்த்தா பெண்ணியம்னா அங்க முக்கால்வாசி வெள்ளைக்கார மத்தியதர பெண்ணியம்னு தெரிஞ்சுபோச்சு. அதனால 1980-ல அமெரிக்காவுல இருக்கிற 'மூன்றாம் உலக' பெண் கலைஞர்களுக்குன்னு ஒரு கண்காட்சியை அதே கேலரியிலயே நடத்தினாங்க. அதை சேர்ந்து நடத்தின மூணு பேர்ல ஒருத்தர் ஜரீனா ஹாஷ்மி, 1937-ல அலிகார்ல பொறந்தவங்க. இன்னொருத்தர் ஜப்பான்ல இருந்து வந்த கசுகோ மியாமோட்டோ.

ஜரீனா படிச்சது கணக்கு. பிரிவினைக் காலத்தை சின்ன வயசுல பார்த்தவங்க, பின்னாடி குடும்பமே பாகிஸ்தான் போயிடுச்சு, இவங்க கணவரோட ஊர் ஊரா உலகம் சுத்தினாங்க. வீடு போன துக்கம் ரெண்டு பேருக்கும் ஒண்ணுதான், வேலையைப் பாருங்க எவ்வளவு வித்தியாசம்! மெண்டியெட்டா சேத்துல இறங்கிப் படுக்கிறாங்க, ஜரீனா கையால செஞ்ச காகிதத்துல மரச்செதுக்கு அச்சுல ஒரு கோடு, ஒரு வாசல்படி, ஒரு தரைப்படம், பக்கத்துல உருதுல ஒரு சொல், முடிஞ்சது. 1999-ல அப்படி 36 அச்சு செஞ்சாங்க, ஒவ்வொண்ணும் வீட்டைப் பத்தின ஒரு சொல்லுக்கு. 2020-ல லண்டன்ல காலமானாங்க. அடுத்து யாரைப் பத்தி எழுதணும்னு கேக்கறவங்களுக்கு, இவங்களைப் பத்தித்தான்.

கேள்வி (வேலூர், சென்னை, சேலம், இன்னும் பல ஊர்ல இருந்து ஒரே கேள்வி): புருஷன்தான் தள்ளிவிட்டாரா?

இதை முதல்ல வைக்காம இவ்வளவு கீழ வச்சது வேணும்னுதான்.

நடந்தது இது. 1985 ஜனவரியில கார்ல் ஆண்ட்ரேங்கிற பிரபல சிற்பியை ரோம்ல கல்யாணம் பண்ணிக்கிட்டாங்க. செப்டம்பர் 8-ம் தேதி விடியக்காலையில நியூயார்க்ல அவங்க இருந்த 34-வது மாடி ஜன்னல்ல இருந்து விழுந்து செத்துப்போனாங்க, வயசு 36. வீட்டுல இருந்தது ரெண்டே பேர். ரெண்டு பேருக்கும் சண்டை வந்ததா அவசர போனுக்கு ஆண்ட்ரேயே சொல்லியிருக்கார். கொலை வழக்கு போட்டாங்க. அவர் ஜூரி வேணாம்னு சொல்லி நீதிபதி மட்டும் விசாரிச்சார், 1988-ல விடுதலை. 2024 ஜனவரியில அவரும் இறந்துட்டார். நண்பர்கள் பல பேரும் குடும்பமும் அந்தத் தீர்ப்பை ஏத்துக்கவே இல்லை, 1992-ல நியூயார்க்ல குகன்ஹைம் மியூசியம் புதுக் கிளை திறந்து ஆண்ட்ரே வேலையை வச்சப்போ 'ஆனா மெண்டியெட்டா எங்கே'ன்னு கேட்டு வாசல்ல போராட்டம் நடத்தினாங்க.

எனக்கு வயிறு எரியுற இடம் வேற. கோர்ட்ல ஆண்ட்ரே தரப்பு வாதத்துல மெண்டியெட்டாவோட கலையையே எடுத்துப் போட்டாங்க, ரத்தம், கல்லறை, மண்ணுல ஆள் அச்சு, பாருங்க சாவு மேல ஆசை இருந்திருக்குன்னு. இப்போ இணையத்துலயும் அதேதான், வேற வார்த்தையில. சிலுவெட்டா போட்டோவைப் போட்டு 'தன் சாவை முன்கூட்டியே உணர்ந்தவர்'னு எழுதி ஆயிரம் பேர் ஷேர் பண்றாங்க. இவங்களை ஆதரிக்கிறதா நினைச்சுக்கிட்டு அந்த வக்கீல் சொன்னதையே திரும்ப சொல்றாங்க. அவங்க கடைசி ரெண்டு வருஷத்தைப் பாருங்களேன், 1983-ல ரோம் பரிசு (கலைஞர்கள் ரோம்ல தங்கி வேலை செய்யக் கொடுக்கிறது) கிடைச்சு அங்க போனாங்க, நல்ல ஸ்டூடியோ அமைஞ்சது, மணலையும் பசையையும் மரப்பலகையில ஒட்டி நிலைச்சு நிக்கிற வேலை ஆரம்பிச்சாங்க, மரத்தண்டுல வெடிமருந்தால கரிச்சு உருவம் போட்டாங்க. லாஸ் ஏஞ்சல்ஸ்ல ஒரு பூங்காவுக்கு பெரிய வேலை ஒண்ணுக்குத் திட்டம் போட்டுக்கிட்டு இருந்தாங்க. அழியாத பொருள் செய்ய ஆரம்பிச்ச ஆளுங்க அவங்க.

கேள்வி (புதுச்சேரி வாசகி): எங்க பார்க்கலாம்?

நேர்ல பார்க்கணும்னா விசா எடுக்கணும், நியூயார்க் மோமா (நவீன கலை மியூசியம்), குகன்ஹைம், லண்டன் டேட்னு பெரிய மியூசியம்லாம் வச்சிருக்கு. அவங்க எடுத்த ஃபிலிம் 104 இருக்குன்னு குடும்பத்தார் பட்டியல் போட்டு டிஜிட்டல் ஆக்கியிருக்காங்க. உயிரோட இருந்தப்போ இதுல பலதை வெளி ஆளுங்க பார்த்ததே இல்லை. மியூசியம் இணையதளத்துல ஸ்டில் படங்கள் இருக்கு, அதுல தொடங்குங்க. போன்ல வேண்டாம், கொஞ்சம் பெரிய ஸ்க்ரீன்ல.

கேள்வி (பொள்ளாச்சி வாசகர்): என் மகள் ஆர்ட்ஸ் காலேஜ்ல படிக்குது மேடம். நீங்க எழுதின ரெண்டு வரியைப் படிச்சுட்டு, நம்ம தோட்டத்துல மண்ணுல படுத்து போட்டோ எடுக்கப் போறேன்னு நிக்குது. ஊர் என்ன சொல்லும்? என்ன செய்யட்டும்?

அய்யோ, நானா காரணம்? மன்னிச்சுக்கங்க.

சரி, நடந்ததை மாத்த முடியாது. யாகுல் கல்லறைப் படம் சொன்னேன்ல, அதுல மெண்டியெட்டா படுத்திருக்காங்க, அப்போ ஷட்டரை அழுத்தினது யாரு? ஹான்ஸ் ப்ரெடர்தான், அவங்க எப்படி எடுக்கணும்னு சொல்லச் சொல்ல இவர் எடுத்தார். படுத்திருக்கிற ஆளுக்கு கேமரா பிடிக்க நம்பிக்கையான ஒருத்தர் வேணும், அதுக்கு நீங்க போங்க, இல்லை உங்க வீட்டம்மாவை அனுப்புங்க. துணி போட்டுக்கிட்டே செய்யலாம், மெண்டியெட்டாவே பாதிக்கு மேல ஆளே இல்லாம வெறும் பள்ளத்தை வச்சுத்தான் செஞ்சாங்க. உச்சி வெயில்ல எடுக்காதீங்க, பள்ளத்துல நிழலே விழாது, தட்டையா வரும். காலையில ஏழு மணிக்கு முன்னாடி நல்லது, ஊரும் பார்க்காது. ஏணி ஒண்ணு வேணும், மேல இருந்து எடுக்க. அப்புறம் உங்க தோட்டம்னு சொல்றீங்க, படுக்கறதுக்கு முந்தி செவ்வெறும்புப் புத்து இருக்கான்னு ஒரு தடவை குச்சியால குத்திப் பார்த்துடுங்க.